கல்லின் வயதும் கரங்களின் வரலாறும்

ஒரு கோயிலைப் பற்றி எழுதப் புகுவோர் முதலில் எழுப்பும் கேள்வி, “இது எவ்வளவு பழமையானது?” என்பதாகும். நூற்றாண்டுகள் கூடக் கூடக் கோயிலின் மதிப்பும் கூடுகிறது. குறையக் குறைய எழுதுவோரின் குரலும் தாழ்ந்துவிடுகிறது. இக்கேள்வியைப் பிழையென்று தள்ளுவதற்கில்லை. காலத்தை நிர்ணயிப்பது தொல்பொருளியலின் முதற்கடமை. ஆனால் முதற்கடமையே முழுக் கடமையாகிவிடும்போது, எவருடைய கைகள் கல்லைச் சுமந்தன, எவரை அக்கல்லின் அருகே வரவிட்டார்கள், எவரை விலக்கி வைத்தார்கள் என்ற கேள்விகள் எழாமலே போகின்றன. இலங்கையின் மத்திய மலைநாட்டை, குறிப்பாக நுவரெலியா, ஹட்டன் பகுதிகளின் தேயிலைத் தோட்டங்களை எடுத்துக்கொண்டு இவ்விஷயத்தைச் சற்று விரிவாக ஆராய்வது பயனுடையது என்று கருதுகிறோம்.

மலைநாட்டின் புனித இடங்களைப் பற்றி இன்று நமக்குக் கிடைக்கும் எழுத்துக்கள் பெரும்பாலும் இரு வகைப்பட்டவை. ஒன்று தொல்பொருளியலாளரின் அறிக்கையும் அதன் வழிவந்த நூல்களும். மற்றது கும்பாபிஷேக மலர். முன்னது கல்வெட்டையும் கட்டிட அமைப்பையும் நுணுக்கமாக அளக்கிறது. ஆனால் அரசனோடு நின்றுவிடுகிறது. பின்னது ஆசியுரை, வாழ்த்துரை, உபயகாரர் பட்டியல், விளம்பரம் ஆகியவற்றால் பக்கங்களை நிரப்பிவிட்டு, எஞ்சிய இரண்டு பக்கங்களில் ‘ஆலய வரலாறு’ கூறுகிறது. அந்த இரண்டு பக்கங்களில் அம்பாள் கனவில் தோன்றுகிறாள். துரை மனமிரங்கி நிலம் தருகிறார். பெரிய கங்காணி திருப்பணி செய்கிறார். பகலெல்லாம் மலையில் உழைத்துவிட்டு அந்தி வேளையில் கல் சுமந்தவர்களுக்கு அங்கே ஒரு வாக்கியமும் இல்லை. ஒன்றுக்கொன்று தொடர்பற்றவை போலத் தோன்றும் இவ்விரு எழுத்துக்களும் ஓரிடத்தில் கைகோர்த்துக் கொள்கின்றன. உழைத்தவனை இரண்டுமே காண்பதில்லை.

எது புராதனச் சின்னம் என்பதைச் சட்டத்திடமே கேட்போம். இலங்கையின் 1940ஆம் ஆண்டு 9ஆம் இலக்கத் தொல்பொருட் கட்டளைச் சட்டம் ஒரு தேதியை வரம்பாகக் குறித்தது: 1815 மார்ச் 2. கண்டி இராச்சியம் பிரித்தானிய முடியின் கீழ்ச் சென்ற உடன்படிக்கை கைச்சாத்தான நாள் அது. அதற்கு முற்பட்டது புராதனம். பிற்பட்ட கட்டிடத்தையும் பாதுகாக்கப்பட்ட சின்னமாக அறிவிக்கச் சட்டத்தில் இடமுண்டு. ஆயினும் முற்பட்டவற்றுக்கு வயதே சான்றாகிவிடுகிறது, பிற்பட்டவையோ அதிகாரத்தின் தனி அறிவித்தலை எதிர்நோக்கி நிற்க வேண்டியிருக்கிறது.

இத்தேதியின் உட்பொருளை நாம் கவனிக்க வேண்டும். கோப்பித் தோட்டங்கள் மலைநாட்டில் வேரூன்றத் தொடங்கியது 1820களில். ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தேயிலையைப் பயிரிட்டது 1867இல். 1869இல் தோன்றிய இலைநோய் கோப்பியை அழித்த பின்னர் மலைகள் முழுவதும் தேயிலை பரவியது. தமிழகத்தின் வறண்ட கிராமங்களிலிருந்து கங்காணிமார் திரட்டி வந்த மக்கள் மலைநாட்டில் இட்ட முதற்கல் எதுவாயினும், அது 1815க்குப் பிற்பட்டதாகவே இருக்கும். ஆகவே ஒரு முழுச் சமூகத்தின் சுவடுகள் அனைத்தும், எவரும் தனியே சதி செய்யாமலே, வரம்புக்கு வெளியே விழுந்துவிட்டன. முடியைக் கொண்டு காலத்தை அளந்தால், முடியில்லாதவர்களுக்குக் காலமும் இல்லாமற் போவது இயல்பே.

டிக்கோயாவில் 1878இல் எழுந்த வார்லி தேவாலயமும் அதே வரம்புக்கு வெளியேதான் நிற்கிறது என்று சிலர் கூறலாம். உண்மைதான். ஆனால் அது கருங்கல்லால் எழுந்தது. வண்ணக் கண்ணாடிச் சாளரங்களை உடையது. அதன் வளவில் தோட்டத்துரைமாரின் கல்லறைகள் பெயரோடும் தேதியோடும் இருக்கின்றன. சட்டம் காக்காவிட்டாலும் கல்லும் எழுத்தும் பணமும் அதைக் காத்தன. அதே மலைகளில் இறந்த தொழிலாளரோ தேயிலைத் தூரடியில் பெயரின்றிப் புதைந்தனர். அவர்களுடைய சாமிகளும் மரத்தடிக் கல்லாகவும் மண் மேடையாகவும் மழையில் நனைந்தன.

இவ்வாறு கூறுவதால் பழைய கற்களை நாம் இழிவாகக் கருதுகிறோம் என்று எவரும் எண்ண வேண்டாம். பழைய கல்லைச் சரியாகப் படித்தால் அதுவே நமக்குப் பாடம் சொல்லும். கண்டிக்கு அருகே 1344இல் எழுந்த கடலாதெனிய விகாரையின் சிற்பாசாரியார் கணேஸ்வராசாரி. அயலிலுள்ள லங்காதிலக விகாரையின் பாறையில் சிங்களத்தோடு தமிழிலும் சாசனம் பொறிக்கப்பட்டிருக்கிறது. பௌத்த விகாரையைத் தென்னிந்திய மரபுக் கலைஞன் எழுப்பினான். அவன் பெயரும் மறையவில்லை. இனத்துக்கோர் எல்லை, மதத்துக்கோர் எல்லை என்று இன்று வகுத்துக்கொண்டு சண்டையிடுவோர் இச்செய்தியைச் சற்று நின்று சிந்திப்பது நன்று.

இதனினும் கூர்மையான பாடம் ஹட்டனுக்கு அண்மையில், அம்பகமுவையில் கிடைத்த முதலாம் விஜயபாகுவின் கல்வெட்டில் இருக்கிறது. சோழர் ஆட்சியை அகற்றிப் பொலன்னறுவையிலிருந்து ஆண்ட இம்மன்னன் 11ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலும் 12ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் வாழ்ந்தவன். சிவனொளிபாத மலைக்குச் செல்லும் யாத்திரிகருக்கு உணவும் பிற வசதிகளும் கிடைக்க அவன் செய்த ஏற்பாடுகளைக் கல்வெட்டு விவரிக்கிறது. இவ்வறச்செயலைப் போற்றாத நூல் இல்லை. ஆனால் அதே கல்வெட்டில் இன்னொரு செய்தியும் உண்டு. திருப்பாதம் இருக்கும் முற்றத்துக்குக் கீழே, தாழ்ந்த குலத்தோர் நின்று வணங்குவதற்கென வேறொரு முற்றம் அமைக்கப்பட்டது. அறத்தையும் ஏற்றத்தாழ்வையும் ஒரே உளி ஒரே கல்லில் செதுக்கியிருக்கிறது. முன்னதை மேடையில் பேசுகிறோம். பின்னதை அறிஞர்களின் பதிப்புக்களிலேயே விட்டுவிடுகிறோம். ஆனால் புனித இடம் எப்படி அமைக்கப்பட்டது என்பதைக் காட்டுவது இந்தப் பின்னதுதான். யார் மேலே, யார் கீழே, யார் வெளியே என்ற சமூகக் கணக்கு முற்றங்களாகவும் படிகளாகவும் அங்கே உருப்பெற்றிருக்கிறது.

இந்தக் கண்ணோடு, அதே யாத்திரைப் பாதை இன்று ஊடுருவிச் செல்லும் மஸ்கெலியாத் தோட்டங்களைப் பார்ப்போம்.

தோட்டமும் முற்றங்களாக வகுக்கப்பட்ட இடமே. உயரத்தில் துரையின் பங்களா. அதற்குக் கீழே உத்தியோகத்தர் வீடுகள். தாழ்வில், பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பிராக்கள் வரிசையாக ஒட்டிய லயங்கள். இந்த அமைப்பைத் தொழிலாளர் வகுக்கவில்லை. அவர்கள் தாமாக இடம் தேர்ந்து அமைத்தவை பெரும்பாலும் சாமி மேடைகளே. எனவே தோட்டத்து மக்களின் மனத்தை அறிய விரும்பும் ஆய்வாளனுக்கு லயத்தைவிட மேடையே நேரான சான்று.

மேடைகள் எங்கெங்கே இருக்கின்றன? லயங்களின் தலைமாட்டில் மாரியம்மன். அம்மையும் வாந்திபேதியும் கூட்டங் கூட்டமாக மனிதரை வாரிச் சென்ற காலத்தில், மருத்துவன் எட்டாத மலையில் எழுந்த கோயில் அது. காட்டின் ஓரத்தில், தோட்டத்தின் எல்லையில் முனியாண்டி. காடு வெட்டித் திருத்தும் வேலையில் பாம்பும் யானையும் சரியும் மரமும் எதிர்ப்பட்ட இடங்கள் அவை. தொழிற்சாலையருகே ரோதைமுனி. ரோதை என்பது சக்கரம். சுழலும் எந்திரத்துக்குக் கையையும் உயிரையும் பறிகொடுக்கும் அச்சத்தில் பிறந்த தெய்வம். கவ்வாத்து மலையில் கவ்வாத்துச்சாமி. கவ்வாத்துத் தொடங்கும் நாளில் கத்திகளை வைத்துப் படைத்த பின்னரே ஆட்கள் மலையில் இறங்குவது வழக்கம்.

ரோதைமுனியை எந்த ஆகமமும் அறியாது. எந்தப் புராணமும் பாடவில்லை. நீராவி எந்திரமும் தேயிலை உருளையும் வந்த பின்னரே இத்தெய்வம் பிறக்க முடியும். மனிதன் தன் உற்பத்திக் கருவியின் முன் அஞ்சி நின்ற கணம், ஒரு கல்லாகவும் சூலமாகவும் உறைந்து கிடக்கிறது. ஆயிரம் ஆண்டுப் பழமை இல்லையென்று இதனை ஒதுக்குவோர், ஒரு தெய்வம் எவ்வாறு பிறக்கிறது என்பதை ஆவணங்களின் வெளிச்சத்தில் காணக் கிடைத்த அரிய வாய்ப்பை இழக்கின்றனர். பழங்காலத் தெய்வங்களின் பிறப்பை நாம் ஊகிக்கவே முடியும். இதையோ தொழிற்சாலை எழுந்த ஆண்டைக் கொண்டே கணக்கிடலாம்.

இவ்வகை ஆய்வுக்கு வழிகாட்டிகள் இல்லாமலில்லை. டி. டி. கோசாம்பி புனாவைச் சுற்றியுள்ள குன்றுகளில் நடந்து திரிந்து, ஊருக்கு வெளியே கேட்பாரற்று நிற்கும் தாய்த் தெய்வக் கற்களை ஆராய்ந்தார். அவை பண்டைய பாதைகள் சந்தித்த இடங்களில் அமைந்திருப்பதையும், அவ்விடங்களில் சிறுகற்கருவிகள் கிடைப்பதையும் 1962இல் வெளிவந்த தமது நூலில் எடுத்துக்காட்டினார். குங்குமம் பூசிய ஒரு கல், மனிதர் நடந்த வழியைச் சொல்லும் என்பதே அவருடைய முறை. அம்முறையை நம் மலைகளுக்குப் பொருத்திப் பாருங்கள். தலைமன்னாரிலிருந்து காடுகளினூடே நூறு மைலுக்கு மேல் நடந்து வந்தவர்கள் மலையேறுமுன் இளைப்பாறிய இடம் மாத்தளை. அங்கேதான் 19ஆம் நூற்றாண்டில் முத்துமாரியம்மன் கோயில் உருவாயிற்று. நடைவழியின் முனையில் நிற்கும் அக்கோயில், வழியில் மாண்டோருக்கும் தப்பியோருக்கும் பொதுவான ஒரு மைல்கல். 2023இல், மக்கள் வந்து சேர்ந்த 200 ஆண்டுகளை நினைவுகூர்ந்து தலைமன்னாரிலிருந்து புறப்பட்ட நடைபயணமும் மாத்தளையிலேயே முடிவுற்றது. கால்களின் நினைவு, நூல்களின் நினைவைவிட நீளமானது போலும்!

சான்று என்ற சொல்லை நாம் வெறும் அலங்காரமாக வழங்கவில்லை. சுதந்திரம் கிடைத்த 1948இலேயே பிரஜாவுரிமைச் சட்டம் இம்மக்களிடம் தந்தையின் பிறப்புக்கு, அல்லது பாட்டன், முப்பாட்டன் பிறப்புக்குச் சான்று கேட்டது. 1949இல் வந்த இந்திய, பாகிஸ்தானிய வதிவோர் சட்டம் தொடர்ந்து வதிந்ததற்குச் சான்று கேட்டது. பிறப்பைப் பதிவு செய்ய வழியின்றி வாழ்ந்தவர்களிடம் காகிதம் ஏது? பாட்டன் நட்ட சூலம் இருந்தது; முப்பாட்டன் அடையாளமிட்ட மரம் இருந்தது; ஆண்டுதோறும் மாசியில் காமன் கூத்து ஆடிய களம் இருந்தது. எந்த நீதிமன்றமும் இவற்றை ஏற்காது. 1964இன் சிரிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டு, எஞ்சிய 1,50,000 பேரைப் பிறகு பார்ப்போம் என்று ஒதுக்கியது. கப்பலேறிச் சென்று நீலகிரியின் தேயிலை மலைகளில் குடியேறியோர் அங்கும் மாரியம்மனுக்கு மேடை அமைத்தனர். இங்கே விட்டுச்சென்ற மேடைகளில் எத்தனையோ புதராயின. ஒரு புராதன நாணயம் காணாமற் போனால் விசாரணை நடக்கும். ஒரு மக்கட் கூட்டத்தின் குடியிருப்புச் சான்று காணாமற் போனதற்கு எந்த விசாரணையும் நடக்கவில்லை.

இனி, நீரில் மூழ்கியவற்றைக் காண்போம். மாத்தளைக்கு வடக்கே நாலந்தாவில் பல்லவர் பாணியை நினைவூட்டும் கற்றளி ஒன்றுண்டு. நாலந்தா கெடிகே என்பர். மகாவலித் திட்டத்தின் போவதென்ன நீர்த்தேக்கத்தில் அது மூழ்கவிருந்தபோது, கற்களைக் கழற்றி எடுத்து, மேட்டு நிலத்தில் மீண்டும் அடுக்கி 1980இல் நிலைநிறுத்தினார்கள். போற்றத்தக்க பணி. எகிப்தின் அபு சிம்பெல் கோயில்களையும் 1964 முதல் 1968 வரை உலக நாடுகள் கூடி இவ்வாறே நைல் நீரிலிருந்து மீட்டன. அபு சிம்பெல் மீண்ட மறு ஆண்டு, 1969இல், மவுஸ்ஸாகலை நீர்த்தேக்கம் பழைய மஸ்கெலியா நகரை விழுங்கியது. கடைத்தெருவோடு இந்துக் கோயிலும் பௌத்த விகாரையும் பள்ளிவாசலும் நீருள் சென்றன. கடும் வரட்சியில் நீர் வற்றும்போது அவற்றின் எச்சங்கள் வெளிப்படுகின்றன. மக்கள் திரண்டு சென்று பார்க்கிறார்கள். மழை வந்ததும் மறைகின்றன. அந்நீரில் பிறந்த மின்சாரம் அயலிலிருந்த லயங்களை எட்டுவதற்கோ பல்லாண்டுகள் பிடித்தன.

ஆயிரம் ஆண்டுக் கற்றளியையும் நேற்றைய கடைத்தெருக் கோயிலையும் ஒரே தட்டில் வைக்கலாமா என்று அன்பர்கள் வினவுவர். நியாயமான கேள்வி. ஒரே செலவு, ஒரே உழைப்பு என்று நாம் கேட்கவில்லை. நீர் புகுமுன் ஒவ்வொரு வழிபாட்டிடத்தையும் அளந்து வரைபடமாக்குவது, நான்கு புகைப்படங்கள் எடுப்பது, கட்டியவரின் வழித்தோன்றல்களிடம் கேட்டு எழுதி வைப்பது ஆகியவற்றுக்கு எத்தனை பணம் வேண்டும்? அணைக்கட்டின் சீமெந்துக் கணக்கில் அது ஒரு மூட்டை விலையும் ஆகாது.

இவ்விழப்பு ஓர் இனத்துக்கு மட்டும் உரியதன்று. 1840இன் முடிக்குரிய காணிச் சட்டம் கண்டிச் சிங்கள விவசாயியின் காட்டையும் சேனை நிலத்தையும் பறித்துத் தோட்டக்காரருக்கு வழிவிட்டது. 1985இல் நிறைவுற்ற கொத்மலை நீர்த்தேக்கத்தின் அடியில் பல விகாரைகள் கிடக்கின்றன; நீர் குறையும்போது கடதொர விகாரையும் மஸ்கெலியாக் கோயிலைப் போலவே தலைகாட்டுகிறது. நிலத்தை இழந்த விவசாயியும் நிலமே பெறாத தொழிலாளியும் ஒரே மலையின் இரு சரிவுகளில் நிற்கிறார்கள். அவர்களை எதிரிகளாக்குவதற்குத் தொல்பொருளையே கருவியாக்குவோர் இருக்கிறார்கள் என்பதுதான் கொடுமை. 2020இல் கிழக்கு மாகாணத் தொல்பொருள் மரபுரிமைக்கென அமைக்கப்பட்ட ஜனாதிபதி செயலணியில் தொடக்கத்தில் தமிழரோ முஸ்லிம்களோ ஒருவரும் இடம்பெறவில்லை. “முதலில் வந்தவர் யார்?” என்ற கேள்வி அகழ்வாய்வுக் குழியிலிருந்து புறப்பட்டு, வயலையும் வீட்டையும் பறிக்கும் கேள்வியாக மாறுவதை நாம் கண்டிருக்கிறோம்.

இதற்கு மறுமொழியாக நம்மவருள் சிலர் தாமும் வயதுப் போட்டியில் இறங்கிவிடுகின்றனர். நுவரெலியாவுக்கு அருகே சீத்தாஎலியவில் நடப்பது இதற்குத் தக்க சான்று. ஓடைக்கரைப் பாறையிலுள்ள குழிகள் அனுமனின் அடிச்சுவடுகள் எனப்படுகின்றன. இராமாயணப் பாதை என்று பெயரிட்டுச் சுற்றுலாத்துறை விளம்பரம் செய்கிறது. 2024 மே மாதக் கும்பாபிஷேகத்துக்கு அயோத்தியின் சரயு நதியிலிருந்து நீர் வந்தது. பக்தியோடு வருவோரை நாம் குறைகூறவில்லை. கதையை நம்புவது அவரவர் உரிமை. ஆனால் ஓர் இதிகாசச் சிறைக்காக வெளிநாட்டார் வந்து இறங்கும் இடத்தைச் சுற்றி, 150 ஆண்டுகளுக்கு மேலாக மெய்யாகவே மலையில் அடைபட்டு வாழ்ந்த ஒரு மக்களின் வரலாற்றைச் சொல்லும் ஒரு பலகையையாவது நாடுகிறவர் யார்? சுற்றுலாவுக்குச் சீதையின் கண்ணீர் விற்பனைச் சரக்காகிறது. கொழுந்து பறிப்பவளின் வியர்வைக்கு விலை கேட்பாரில்லை.

தோட்டத்துக் கோயிலை நாம் வானளாவப் புகழவும் வரவில்லை. அம்பகமுவையின் கீழ்முற்றம் தோட்டத்திலும் உண்டு. திருவிழாவில் முதல் மரியாதை பெரிய கங்காணிக்கே. சாதி வரிசைப்படி பரிவட்டமும் பந்தியும் அமைந்தன. கடனால் கட்டுண்ட கூட்டத்தைக் கங்காணியின் பிடியில் நிறுத்தத் திருவிழாவும் துணை நின்றது. கோயில் வரியைச் சம்பளத்திலேயே பிடித்துக்கொண்டார்கள். தப்பு அடித்தவன் இன்றித் திருவிழா இல்லை. கருவறையின் அருகே அவனுக்கு இடமும் இல்லை. இவற்றை மறைத்து எழுதும் ஆலய வரலாறு, மன்னனை மட்டும் போற்றும் கல்வெட்டு விளக்கத்தைவிட எவ்வகையிலும் உயர்ந்ததாகாது. அதேவேளையில், துரையின் கண்ணுக்குக் கீழே நால்வர் கூடிப் பேச இடமற்ற தோட்டத்தில் கோயில் முற்றமே மக்கள் கூடும் களமாகவும் இருந்தது. காமன் கூத்தும் பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் அங்கேதான் அரங்கேறின. அடக்குமுறையும் ஒற்றுமையும் ஒரே முற்றத்தில் நின்றன. இந்த முரண்பாட்டை உள்ளபடி எழுதுவதே விஞ்ஞான நோக்கு.

இன்று இம்மேடைகள் வேறொரு வகையில் மறைகின்றன. மரத்தடிக் கல்லை அகற்றி, சீமெந்தில் கோபுரமும் வண்ணச் சுதைகளும் எழுப்புகிறார்கள். பழைய கல் ஓடையில் போய்க் கிடக்கிறது. முனியாண்டிக்குச் சமஸ்கிருதப் பெயர் சூட்டி, கிடாய் வெட்டை நிறுத்தி, பூசாரியை விலக்கி, குருக்களை அமர்த்துகிறார்கள். காம்பிராவில் தலைமுறைகளைக் கழித்த மக்கள் தங்கள் தெய்வமாவது உயர்ந்த மாளிகையில் இருக்கட்டும் என்று விரும்புவதை நாம் எள்ள முடியாது. 1983இன் வன்செயலில் மாத்தளைக் கோயில் எரிந்தது. அம்மக்களே அதனை மீண்டும் எழுப்பினார்கள். அந்தப் பிடிவாதத்தில் மானம் இருக்கிறது. ஆனால் தன் வறுமையின் அடையாளம் என்று வெட்கப்பட்டு ஒருவன் எறியும் கல், அவனுடைய காணியுரிமைக்கான சான்றாகவும் இருக்கக்கூடும் என்பதை யாரேனும் அவனுக்குச் சொல்ல வேண்டாமா?

காணியுரிமை என்று கூறுவதற்குக் காரணம் உண்டு. 1972இலும் 1975இலும் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் அவற்றின் நிர்வாகம் மீண்டும் கம்பனிகளிடம் ஒப்படைக்கப்பட்டது. லயக் காம்பிராவுக்கு உறுதி இல்லை. அதன் முன்னுள்ள காய்கறிப் பாத்திக்கு உறுதி இல்லை. கோயிலும் பெரும்பாலும் அதே குத்தகை மண்ணில்தான் நிற்கிறது. தம் முன்னோர் எங்கே வாழ்ந்தார்கள், எங்கே வழிபட்டார்கள், எங்கே புதைந்தார்கள் என்பதைத் தேதியோடும் வரைபடத்தோடும் நிறுவக்கூடிய மக்களை, ‘வந்தேறிகள்’ என்ற ஒரு சொல்லால் எளிதில் தள்ளிவிட முடியாது.

இந்த வேலையை யார் செய்வது? சி. வி. வேலுப்பிள்ளை மலைநாட்டு மக்களின் பாடல்களைத் தேடித் திரட்டினார். பாடல் பிறந்த களங்களைத் திரட்டும் பணி நமக்கு எஞ்சியிருக்கிறது. கம்பளைக்கு அருகே ஓல்ட் பீகொக் தோட்டத்தில் 2007இல் தொழிலாளருக்கென ஓர் அரும்பொருளகம் எழுந்தது நல்ல தொடக்கம். ஆனால் ஒரு கட்டிடத்துக்குள் எல்லா மலைகளையும் அடக்க இயலாது. தோட்டப் பாடசாலை ஒவ்வொன்றிலும் ஓர் ஆசிரியரும் பத்து மாணவரும் முன்வந்தால் போதும். தோட்டத்தின் மேடைகளை வரைபடத்தில் குறிக்கட்டும். கல், சூலம், மணி, மரம் ஆகியவற்றை அளந்து படமெடுக்கட்டும். முதியோரிடம் அந்தச் சாமி வந்த கதையையும், அங்கே யார் எந்த இடத்தில் நின்றார்கள் என்பதையும் ஒளிக்காமல் கேட்டு எழுதட்டும். திருப்பணி தொடங்குமுன் பழைய மேடையைப் பதிவு செய்யும் வழக்கத்தைக் கோயிற் சபைகள் ஏற்கட்டும். அடுத்த கும்பாபிஷேக மலரில் வாழ்த்துரைகளுக்கு ஒதுக்கும் பக்கங்களில் பாதியை இதற்குக் கொடுக்கட்டும். தொல்பொருள் திணைக்களம் 1815 என்ற வரம்பில் நின்றுவிடாமல், தனக்குள்ள அதிகாரத்தைப் பயன்படுத்தி இவற்றுள் தக்கவற்றைப் பாதுகாக்கப்பட்ட சின்னங்களாக அறிவிக்கக் கோருவதும் நமது ஸ்தாபனங்களின் கடமை.

கணேஸ்வராசாரியின் பெயர் ஏறத்தாழ 700 ஆண்டுகளாக வாழ்கிறது. எவரோ அதை எழுதி வைத்ததால் வாழ்கிறது. ரோதைமுனிக்கு முதற்கல் நட்டவனின் பெயரை அவனுடைய தோட்டத்து முதியவர் ஒருவர் இன்னும் நினைவில் வைத்திருக்கக்கூடும். அவர் இருக்கும்போதே கேட்டு எழுதிவிட வேண்டும்.